‘வாரேன்’ என்றுதான் சொன்னார்

சாமி, கோபத்தோடுதான் எழுதுகிறேன். ஆறிய பிறகு எழுதலாம் என்று பொறுத்துப் பார்த்தேன். ஆறுகிற கோபமாகத் தெரியவில்லை. நலமா, சாப்பிட்டாயா என்று ஆரம்பிக்க எனக்கும் தெரியும், அதையெல்லாம் நேற்றே போனில் கேட்டாயிற்று. போனில் நான் கொஞ்சம் சத்தமாகப் பேசினால் ‘சிக்னல் சரியில்லம்மா’ என்று வைத்துவிடுகிறாய். கடிதத்தில் அந்த வித்தை பலிக்காது. இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். இது உனக்கு எழுதுகிற கடிதம்தான், ஆனால் ஒளித்து வைக்கிற கடிதம் இல்லை. உன் மாமனார் வீட்டார் படிக்கட்டும், சொந்தக்காரர்கள் படிக்கட்டும். வீட்டு ஆளைக் காணோம் என்று எங்கோ ஒரு ஸ்டேஷன் வாசலில் இந்நேரம் நின்றுகொண்டிருக்கும் யாரோ ஒருத்தி கையில் இது கிடைத்தால் இன்னும் நல்லது.

கல்யாணப் பத்திரிகையின் ப்ரூஃபை வாட்ஸ்அப்பில் அனுப்பியிருந்தாய். பண்ணையில் முட்டை அட்டைகளை அடுக்கிக்கொண்டிருந்தேன். கையைத் துடைத்துவிட்டு ஆசையாகத் திறந்தேன். உன் பெயர், பெண்ணின் பெயர், மண்டபம், முகூர்த்தம் எல்லாம் சரியாக இருந்தது. உன் பெயருக்கு மேலே உன் அப்பா பெயர். அதற்கு முன்னால் ‘தெய்வத்திரு’. செத்துப்போனவர்களுக்குப் போடுகிற பட்டம். பக்கத்தில் நின்றவள் ‘ஏனுங்க்கா, மொகம் இப்பிடிப் போச்சு?’ என்று கேட்டாள். உடனே உன்னைக் கூப்பிட்டேன். நீ என்ன சொன்னாய், ஞாபகம் இருக்கிறதா? ‘அம்மா, வெறும் திருன்னு போட்டா, மாப்பிள்ளையோட அப்பா எங்கீங்கன்னு மண்டபம் பூரா கேப்பாங்க. தெய்வத்திருன்னு போட்டுட்டா ஒருத்தரும் கேக்க மாட்டாங்க.’ அட என் ராசா, கேட்கட்டுமே! உன் அப்பா எங்கே என்று கேட்க வைப்பதற்குத்தானே இத்தனை வருஷமும் நான் வாசல் வாசலாகப் போய் நின்றேன். ஒருத்தரும் கேட்காமல் போய்விடுவார்களோ என்பதுதான் என் பயமே.

நீ அப்போது திருச்செங்கோட்டில் ஹாஸ்டலில் இருந்தாய். நடந்ததில் பாதிதான் உனக்குத் தெரியும், அந்தப் பாதியும் பெரியப்பா சொன்ன பாதி. முழுசாக இப்போது கேள். உன் அப்பா போர்வெல் ரிக் வண்டியில் டிரில்லர். போர் போடுகிற பிட் தேய்ந்துவிட்டது என்று, அதைச் சரி பண்ண சேலம் பக்கம் அயோத்தியாப்பட்டணம் பட்டறைக்குக் காலையில் கிளம்பினார். வாசலில் பெரியப்பா பல் துலக்கிக்கொண்டிருந்தார். அவரைப் பார்த்து ‘வாரேனுங்கண்ணா’ என்றுவிட்டு, என்றைக்கும் போலப் போனார். பட்டறையில் பிட்டைக் கொடுத்திருக்கிறார். பட்டறைக்காரரே பின்னால் சாட்சி சொன்னார். மத்தியானம் எனக்குப் போன் வந்தது. ‘ஏனுங்க, சாப்ட்டீங்களா?’ என்றேன். ‘இன்னும் இல்ல புள்ள. வாரேன்’ என்றார். அவ்வளவுதான் பேச்சு. நான் சோற்றை வடித்து, கத்தரிக்காய்க் குழம்பை அடுப்பிலிருந்து இறக்கி வைத்தேன். அவர் வரவில்லை. சாயங்காலம் போன் அடித்தால் சுவிட்ச் ஆஃப். இத்தனை வருஷமாகியும் அதற்கு மேல் ஒரு வரி எனக்குத் தெரியாது.

அடுத்த நாள் போலீசுக்குப் போனோம். எந்த ஸ்டேஷன் என்று எழுதப்போவதில்லை. அங்கிருந்தவர்கள் எல்லாரும் மாற்றலாகிப் போய்விட்டார்கள், இப்போது யாரையும் குத்திக்காட்டி ஆகப்போவதும் ஒன்றுமில்லை. முதலில் போன இடத்தில் ‘ஆளு சேலம் பக்கம்தானேம்மா காணாமப் போனாரு, அங்க போங்க’ என்றார்கள். சேலம் பக்கம் போனால், ‘வீடு நாமக்கல் மாவட்டம், உங்க லிமிட்லயே குடுங்க’ என்றார்கள். இன்னொருவர் ‘வளர்ந்த ஆம்பளதானே, இருபத்து நாலு மணி நேரம் பாருங்க, தானா வந்துருவாரு’ என்றார். சாமி, நன்றாகக் கேட்டுக்கொள். இருபத்து நாலு மணி நேரம் காத்திருக்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை. குழந்தையானாலும் சரி, வளர்ந்த ஆம்பளையானாலும் சரி, காணோம் என்று தெரிந்த நிமிஷமே புகார் கொடுக்கலாம். எந்த ஸ்டேஷனிலும் கொடுக்கலாம். வாங்கிப் பதிந்துகொண்டு, எல்லை எதுவோ அங்கே அனுப்பி வைப்பது அவர்கள் பாடு. இதெல்லாம் எனக்கு அன்றைக்கே தெரிந்திருந்தால், அந்த வாசலில் கையைக் கட்டிக்கொண்டு நின்றிருக்க மாட்டேன்.

கடைசியில் ஓரிடத்தில் எழுதிக்கொண்டார்கள். அங்கேதான் எல்லாம் கெட்டது. எழுதுகிற போலீஸ்காரர் பெரியப்பாவைப் பார்த்துத்தான் கேட்டார். ஆம்பளை சொன்னால்தானே அவர்களுக்குச் சரியாக இருக்கும். பெரியப்பா சொன்னார்: ‘வாரேன்னு சொல்லிட்டுப் போனானுங்க. அப்புறம் காணமுங்க.’ அவர் சொன்னது காலையில் வாசலில் கேட்ட வாரேனை. நான் நடுவில் புகுந்து, ‘மத்தியானம் எனக்கும் போன்ல வாரேன்னுதானுங்க சொன்னாரு’ என்றேன். எழுதுகிறவர் வேறு ஊர்க்காரர். இரண்டு வாரேனையும் ஒன்றாகப் போட்டுக் கலக்கிவிட்டார். ‘மேற்படி நபர் வருகிறேன் என்று கூறி விடைபெற்றுச் சென்றவர் வீடு திரும்பவில்லை’ என்று வாசித்துக் காட்டினார். பெரியப்பா ‘ஆமாங்க’ என்று தலையாட்டினார். நானும் ஆட்டினேன். நம் ஊரில் யாராவது ‘போறேன்’ என்று வாயால் சொல்கிறார்களா? வீட்டை விட்டுக் கிளம்பினாலும் வாரேன், வீட்டுக்குத் திரும்பினாலும் வாரேன். நமக்கு அதில் குழப்பமே வந்ததில்லை. ஆனால் எழுத்தில் ஏறியபோது, பசியோடு வீட்டுக்கு வந்துகொண்டிருந்த மனுஷன், என்னிடம் விடைபெற்றுக்கொண்டு எங்கோ போனவராகிவிட்டார்.

அந்த ‘விடைபெற்று’ செய்த வேலையைச் சொல்லி மாளாது. ‘அவரா விருப்பப்பட்டுப் போயிருக்காரு, வேற ஏதும் தொடுப்பு இருந்துச்சாம்மா?’ என்று என் முகத்துக்கு நேராகவே கேட்டார்கள். கொடுத்த ரசீதும் சும்மா மனு வாங்கிக்கொண்டதற்கான ரசீதுதான், எப்.ஐ.ஆர். இல்லை. இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் ராசிபுரத்து வக்கீலம்மா சொல்லித்தான் எனக்குத் தெரிந்தது. ‘ரசீத வாங்கிட்டு ஊட்டுக்குப் போயிராதீங்க, எப்.ஐ.ஆர். போட்டாத்தான் தேடுறது அவங்க கடமை ஆவும்’ என்றார். அவர் எழுதிக் கொடுத்த மனுவை எஸ்.பி.க்கு ரிஜிஸ்டர் தபாலில் அனுப்பினேன். அதற்கும் அசையவில்லை என்றால் மாஜிஸ்திரேட்டிடம் போய் உத்தரவு வாங்கலாம் என்றார். அந்த அளவுக்குப் போக வேண்டியிருக்கவில்லை, ‘ஆள் காணவில்லை’ என்று எப்.ஐ.ஆர். போட்டார்கள். இப்போது சட்டங்களின் பெயரையும் எண்ணையும் மாற்றிவிட்டார்களாம். எண்ணை மாற்றினால் மாற்றட்டும், வழி அதேதான்: ஸ்டேஷன், அதற்கு மேல் எஸ்.பி., அதற்கு மேல் மாஜிஸ்திரேட். எதையும் வாயால் கேட்காதே, எழுதிக் கேள். கேட்டதற்கு ஒரு அத்தாட்சி வாங்கு.

அதன் பிறகு பிணங்கள் வந்தன. அடையாளம் தெரியாத ஆண் உடல் என்று எங்கே கிடைத்தாலும் எனக்குப் போன் வரும். பெரிய ஆஸ்பத்திரிப் பிணவறைக்கு நான் போன போதெல்லாம் நீ உடன் வந்தாயா என்று கேட்டு உன்னைக் குத்தப்போவதில்லை. நான்தான் உன்னை வர வேண்டாம் என்றேன். ஒரு தடவை மட்டும் தவிர்க்க முடியவில்லை. சேலம் பக்கம் ஒரு கிணற்றில் கிடைத்த உடல், முகம் பார்க்கிற நிலையில் இல்லை, டி.என்.ஏ. பார்க்க உன் ரத்தம் எடுத்தார்கள். முடிவுக்குக் காத்திருந்தபோது, சோற்றைப் பிசைந்துகொண்டே நீ ‘அது அப்பாவா இருந்துட்டா நல்லதும்மா, முடிஞ்சுரும்’ என்றாய். ஓங்கி ஒரு அறை விட்டேன். வளர்ந்த பிள்ளையை அடித்ததற்கு இந்தக் கடிதத்தில் மன்னிப்புக் கேட்பேன் என்று பார்க்கிறாயா? கேட்க மாட்டேன். அதே வார்த்தையை இன்றைக்குச் சொன்னாலும் அதே அறைதான். ஆனால் அன்று நீ எவ்வளவு களைத்துப்போயிருந்தாய் என்பது எனக்குத் தெரியும் சாமி. நானும் களைத்துத்தான் இருந்தேன். அது அவர் இல்லை என்று முடிவு வந்த அன்று, நீ பின்கட்டில் நின்று தேம்பித் தேம்பி அழுததை ஜன்னல் வழியாகப் பார்த்தேன். நல்லவேளை என்று அழுதாயா, இன்னும் முடியவில்லையே என்று அழுதாயா என்று நான் கேட்கவில்லை.

அப்புறம் ஐகோர்ட். ஆட்கொணர்வு மனு என்று ஒன்று இருக்கிறது; ஒருவரை யாராவது சட்டவிரோதமாக அடைத்து வைத்திருந்தால், அவரைக் கொண்டுவந்து கோர்ட்டில் நிறுத்து என்று கேட்கிற மனு. வக்கீலம்மா ஒளிக்காமல் சொன்னார்: ‘யாரு அடைச்சு வெச்சுருக்காங்கன்னு நம்மளால காட்ட முடியாதுங்க. ஆள் காணோம்ங்கறதுக்கு மட்டும் இந்த மனு நிக்காது. ஆனா போலீஸ் என்ன தேடுனாங்கன்னு கோர்ட்டுல வந்து கணக்குச் சொல்லியாகணும். அதுக்காகப் போடலாம்.’ போட்டோம். சென்னை வெயிலில் கறுப்புக் கோட்டுகளுக்கு நடுவில் உட்கார்ந்திருந்தேன். அரசு வக்கீல் எழுந்து, காணாமல் போனவர் வயது வந்தவர், மனைவியிடமே விடைபெற்றுச் சென்றிருக்கிறார், அவராக விருப்பப்பட்டுப் போனதாகவே தெரிகிறது என்று வாசித்தார். வக்கீலம்மா எழுந்து, அந்தச் சொல் அவர்கள் சொன்னதில்லை, எழுதியவர் சொல் என்றார். நீதிபதி நிமிர்ந்து, ‘அந்தம்மா வந்திருக்காங்களா?’ என்று கேட்டார். எழுந்து நின்றேன்.

‘சாமி,’ என்றுதான் ஆரம்பித்தேன். வக்கீலம்மா என் புடவை முந்தானையைப் பிடித்து இழுத்தார், நான் நிறுத்தவில்லை. ‘எங்கூர்ல போறப்பவும் வாரேன்தானுங்க, வாரப்பவும் வாரேன்தானுங்க. சாப்ட்டீங்களான்னு நாங் கேட்டேன். இன்னும் இல்ல, வாரேன்னாருங்க. பசியா இருக்கற மனுசன் சோறு இருக்கற ஊட்டுக்குத்தானுங்க வாரேன்னு சொல்லுவாரு?’ யாரோ பின்னால் சிரித்தார்கள். நீதிபதி சிரிக்கவில்லை. இந்த அம்மாவிடம் புதிதாக வாக்குமூலம் வாங்குங்கள், போன் டவர் விவரத்தை எடுங்கள், எடுத்ததை இவர்களுக்கும் தெரிவியுங்கள் என்று உத்தரவு போட்டு மனுவை முடித்து வைத்தார். நான் ஜெயித்தேனா தோற்றேனா என்று வெளியே வந்து கேட்டேன். ‘ரெண்டும்தாங்க’ என்றார் வக்கீலம்மா. புது வாக்குமூலத்தில் ‘வீட்டுக்குச் சாப்பிட வந்துகொண்டிருப்பதாகக் கூறினார்’ என்று எழுதினார்கள். ஆனால் டவர் விவரம் கேட்டபோது, அவ்வளவு பழைய பதிவை வைத்திருப்பதில்லை என்று போன் கம்பெனி சொல்லிவிட்டது. முதல் வாரத்திலேயே கேட்டிருந்தால் அவர் எந்தப் பஸ் நிறுத்தத்தில் நின்று என்னோடு பேசினார் என்றாவது தெரிந்திருக்கும். ஒரு வார்த்தையைத் தப்பாக எழுதியதில் அதுவும் போனது.

பிறகு ஒருநாள் போலீசிலிருந்து நோட்டீஸ் வந்தது: கண்டுபிடிக்க முடியவில்லை, வழக்கை முடிக்கிறோம் என்று. பெரியப்பா ‘கையெழுத்துப் போட்டுக் குடுத்துரு அம்மிணி, எத்தன நாளைக்கு அலைவ’ என்றார். போட்டேன். ஆட்சேபணை உண்டு என்று எழுதி, அதற்குக் கீழேதான் போட்டேன். அந்த ஆட்சேபணை கோர்ட்டுக்குப் போனது. கூப்பிட்டு விசாரித்தார்கள், புதுத் தகவல் கிடைத்தால் மறுபடி திறக்கலாம் என்று எழுதி மூடினார்கள். மூடிய கதவில் ஒரு தாழ்ப்பாளாவது என் பக்கம் இருக்கட்டும் என்றுதான் அத்தனை பாடும் பட்டேன்.

இப்போது உன் விஷயத்துக்கு வருகிறேன். ஏழு வருஷம் தாண்டிவிட்டது, சிவில் கோர்ட்டில் கேஸ் போட்டு அப்பா இறந்ததாக அறிவிப்பு வாங்கிவிடலாம் என்று ஒரு வருஷமாக என் காதில் ஓதிக்கொண்டிருக்கிறாய். நாம் வெள்ளாமை செய்கிற காடு அப்பா பெயரிலும் பெரியப்பா பெயரிலும் கூட்டுப் பட்டாவாகக் கிடக்கிறது. பெரியப்பாவுக்கும் தள்ளாமை வந்துவிட்டது, கண் மூடுவதற்குள் பிரித்துக் கொடுத்துவிட வேண்டும் என்று துடிக்கிறார். அந்தத் தீர்ப்பு இல்லாமல் இறப்புச் சான்று கிடையாது, சான்று இல்லாமல் வாரிசுச் சான்று கிடையாது, வாரிசுச் சான்று இல்லாமல் காட்டில் ஒரு எல்லைக் கல் நட முடியாது. இதெல்லாம் எனக்குப் புரியாமல் இல்லை. நீ சொன்ன ஒரு வார்த்தையைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை: ‘அப்பா இறந்துட்டாருன்னு நீ ஒரு கையெழுத்துப் போட்டாப் போதும்மா.’ என் கையால் அதை எழுத மாட்டேன் என்றேன். பிடிவாதக்காரி என்று நீ உன் சித்தியிடம் சொன்னதாகக் கேள்வி. சொல்லிக்கொள்.

போன வாரம் ராசிபுரம் போய் வக்கீலம்மாவைப் பார்த்தேன். டைப் அடித்து வைத்திருந்த மனுவை முழுக்க வாசிக்கச் சொன்னேன். ‘என் கணவர் இறந்துவிட்டார் என்று உறுதியாக நம்புகிறேன்’ என்று ஒரு வரி வந்தது. ‘அதை அடிங்க’ என்றேன். அவர் சிரித்துவிட்டார். ‘அடிச்சுரலாங்க. சட்டம் உங்ககிட்ட அதைக் கேக்கவே இல்ல’ என்றார். அப்போதுதான் விளக்கினார். உயிரோடு இருந்தால் அவரைப் பற்றி யாருக்கெல்லாம் இயல்பாகத் தெரிந்திருக்குமோ அவர்கள் ஏழு வருஷமாக ஒன்றும் கேள்விப்படவில்லை, அவ்வளவுதான் நான் சொல்ல வேண்டியதாம். இல்லை, உயிரோடு இருக்கிறார் என்று யாராவது சொன்னால், நிரூபிக்க வேண்டியது அவர்கள். ஒருவரும் வரவில்லை என்றால், இறந்ததாகக் கொள்கிறோம் என்று கோர்ட் சொல்லும். என்றைக்கு இறந்தார் என்று அந்தச் சட்டம் சொல்லாதாம். பார்த்தாயா? நீ திதி கொடுக்கக்கூட ஒரு நாள் கிடையாது. கோர்ட்டுக்கே அவ்வளவுதான் தெரியும் என்கிறபோது, பத்திரிகை அடிக்கிறவருக்கு மட்டும் எப்படித் தெரிந்தது?

அதனால் கையெழுத்துப் போட்டுவிட்டேன். ஆமாம், போட்டாயிற்று, குதிக்காதே. ‘என் கணவரைப் பற்றி நான் எதுவும் கேள்விப்படவில்லை’ என்ற வரிக்குக் கீழே போட்டேன். அது சத்தியம். அதைக் கூண்டில் ஏறியும் சொல்வேன். பேப்பரில் விளம்பரம் கொடுக்கச் சொல்வார்களாம். அவரது நல்ல போட்டோவாகப் பார்த்துக் கொடுக்கச் சொல்லியிருக்கிறேன், அவரைத் தேடி வருகிற இன்னொரு விளம்பரமாக அதை நான் வைத்துக்கொள்வேன். தீர்ப்பு வந்ததும் காட்டைப் பிரித்துக்கொள்ளுங்கள், கல் நடுங்கள், வீடு கட்டுங்கள். சர்க்காருக்கு அவர் இறந்தவராக இருக்கட்டும். சர்க்கார் அவருக்குச் சோறு வடித்து வைக்கவில்லை, நான் வைத்தேன்.

உன் மாமியார் நேற்று போன் செய்தார். நல்ல பெண்பிள்ளை, பேச்சில் தேன். ‘சம்பந்தியம்மா, தப்பா நெனைச்சுக்காதீங்க. தாலி கட்டறப்ப நீங்க கொஞ்சம் பின்னால நின்னுக்கிட்டா நல்லாருக்குமுங்க, எங்க சனம் ஏதாச்சும் பேசும்’ என்றார். ‘எதுக்குங்க பின்னால நிக்கோணும்? எங்கழுத்துல தாலி இருக்குதுங்களே’ என்றேன். அவர் ‘இல்லீங்க, எங்க சனம்’ என்று மறுபடி ஆரம்பித்தார். ‘உங்க சனம் பேசட்டுமுங்க. பேசறவங்களை எங்கிட்ட அனுப்புங்க, எப்.ஐ.ஆரோட நம்பரு சொல்றேன்’ என்று வைத்துவிட்டேன். அவர் மேல் எனக்கு வருத்தமில்லை. இது அவருக்கு நேரவில்லை, நேரவும் வேண்டாம். அவர் மகளை நீ கண்ணாக வைத்துக்கொள். என்றைக்காவது அவள் வெளியே இருந்து போன் செய்து வாரேன் என்று சொன்னால், எங்கிருந்து வருகிறாய், எந்தப் பஸ் என்று இரண்டு கேள்வி கேட்டுக்கொள். நச்சரிக்கிறாய் என்று சண்டை போட்டாலும் பரவாயில்லை. சொன்ன நேரத்துக்கு வராவிட்டால், மானம் மரியாதை என்று வீட்டுக்குள் உட்கார்ந்து பேசிக்கொண்டிருக்காதே, அந்த நிமிஷமே ஸ்டேஷனுக்குப் போ. அங்கே எழுதுவதை ஒவ்வொரு சொல்லாக வாசித்துப் பார். நீ சொல்லாத சொல் ஒன்று அதில் இருந்தால், எவ்வளவு பெரிய அதிகாரி நின்றாலும், ‘இது நான் சொன்னதில்லைங்க’ என்று சொல்லி அடிக்க வை.

அச்சகத்துக்காரரை நானே கூப்பிட்டுப் பேசிவிட்டேன். ‘தெய்வத்’தை எடுத்துவிடச் சொன்னேன். ‘வெறும் திரு போதுங்களா?’ என்றார். போதும் என்றேன். இரண்டே எழுத்து. மறுபடி அதில் நீ கை வைத்தால், உன் கல்யாணத்தில் உன் அம்மா பெயரும் இருக்காது, அம்மாவும் இருக்க மாட்டாள். வைக்க மாட்டாய் என்று தெரியும்; எடுத்துவிட்டேன் என்று நான் சொன்னதும் போனில் நீ மூக்கை உறிஞ்சிய சத்தம் கேட்டது, அதற்குச் சிக்னல் நன்றாகத்தான் இருந்தது. மண்டபத்தில் யாராவது உன் அப்பா எங்கே என்று கேட்டால், பதில் சொல்ல உனக்குக் கூச்சமாக இருந்தால், என் பக்கம் கையைக் காட்டு. முன்வரிசையில்தான் நிற்பேன். என்னைத் தேட வேண்டியிருக்காது.

முகூர்த்தத்துக்கு முந்தின நாள் மத்தியானம், சேந்தமங்கலத்திலிருந்து ராசிபுரம் பஸ்ஸில் ஏறி, அங்கே மாறி வருகிறேன். சாப்பிடாமல்தான் கிளம்புவேன், எனக்கும் சேர்த்துச் சோறு போட்டு வை.

வாரேன்.